பாய்மரத்தின் மறுபக்கம்

லிமேனா, கிரேக்கக் கடலில் ஒரு சின்னத் தீவு. துறைமுகத்தின் ஓரத்தில் பழைய படகுக் கொட்டகை ஒன்று இருந்தது. அதில் ஒரு பள்ளி நடந்தது. இருபது பேர் உட்காரலாம். இருபத்தொன்றாவது ஆள் வந்தால் யாராவது எழுந்து நிற்க வேண்டும்.

கொட்டகையின் நடுவில் உடைந்த கப்பலொன்றின் பாய்மரத்தை நட்டு வைத்திருந்தார்கள். பள்ளிக்குச் சட்டம் ஒன்றே ஒன்றுதான். பாய்மரத்தின் இந்தப் பக்கம் நின்று ஒன்றைப் பேசினால், சுற்றிப் போய் அந்தப் பக்கம் நின்று அதற்கு எதிரானதையும் பேச வேண்டும். அதே பலத்தோடு. பேசாமல் உட்காரக் கூடாது.

பழக்கம் ஏதென்ஸ் நகரத்திலிருந்து வந்தது. அங்கே ஒரு தோப்பில் பல தலைமுறையாக இப்படிப் பேசிக்கொண்டிருந்தார்கள். எதுவும் யாருக்கும் முழுதாகத் தெரியாது, அதனால் இரண்டு பக்கமும் கேள் என்பது அவர்கள் கட்சி. பிறகு போர் வந்தது. பள்ளி சிதறியது. தப்பிவந்த கிழவர் ஒருவர் லிமேனாவில் இறங்கி, கொட்டகையில் பாய்மரத்தை நட்டார். அவர் இறந்த பிறகு அவருடைய மாணவி மெலித்தா நடத்தினாள். அவளுக்கு நாற்பது வயது.

அவளுடைய மாணவர்களில் மூத்தவன் தோரியோன். அறுபத்திரண்டு வயது. துறைமுகத்தில் மீன் ஏலம் கூவுகிறவன். அவன் கூவினால் அடுத்த தீவில் பூனைகள் எழுந்து உட்காரும் என்பார்கள்.

அன்று காலை ஒரு தச்சன் பாய்மரத்தின் கிழக்குப் பக்கம் நின்று, ஆடு வளர்ப்பது எவ்வளவு நல்லது என்று பேசிக்கொண்டிருந்தான். தோரியோன் பாதியில் எழுந்தான்.

“அம்மா, ஒரு கேள்வி.”

“உஷ். பாடம் நடக்கிறது.”

உட்கார்ந்தான். தச்சன் சுற்றிப் போய் மேற்குப் பக்கம் நின்றான். ஆட்டைப்போல ஒரு சனியன் உலகத்தில் கிடையாது என்று பேசி முடித்தான்.

“இப்போது கேளும், பெரியவரே.”

“ஏதென்ஸ் பள்ளி போய்விட்டது. தோப்பும் போய்விட்டது. மரங்களை வெட்டி மதில் இடிக்கிற பொறி செய்தார்கள் என்று நீங்கள்தான் சொன்னீர்கள். அதுவே நிற்கவில்லை. இந்த மீன் நாற்றக் கொட்டகையில் நாம் பேசுவது எத்தனை நாள் நிற்கும்?”

மூலையில் ஒரு துணி மூட்டை கிடந்தது. மெலித்தா அதன் முடிச்சை இழுத்துப் பார்த்தாள்.

“சபைக்கு நேரமாயிற்று. போய் முகத்தைக் கழுவும். செதில் ஒட்டியிருக்கிறது.”

அன்று ஊர்ச்சபை கூடியது. தீர்மானம் கொண்டுவந்தவன் ஆர்க்கியாஸ். தீவின் ஒலிவ எண்ணெய்ச் செக்குகளில் பாதி அவனுடையது. கொட்டகையை மூட வேண்டும், மெலித்தா மதியக் கப்பலில் தீவை விட்டுப் போக வேண்டும். இதுதான் தீர்மானம்.

சபையில் பெண்கள் பேச முடியாது. வெளியூர்க்காரர்கள் பேச முடியாது. அடிமைகளைப் பற்றிக் கேட்கவே வேண்டாம். இருபது மாணவர்களில் பேசும் உரிமை தோரியோன் ஒருவனுக்குத்தான் இருந்தது.

வாசலில் அவன் திரும்பினான்.

“நான் தோற்றால்?”

“மூட்டை கட்டியாயிற்று.”

“நீங்கள் போனால் நான் என்ன செய்வேன்? எனக்கு ஏலம் கூவ மட்டும்தான் தெரியும்.”

“அதுகூட இப்போது ஒழுங்காகக் கூவுவதில்லையாம். போன வாரம் ஒரு கூடை மத்தி மீனைப் புகழ்ந்துவிட்டு, சுற்றிப் போய் நின்று, இது நேற்றைய மீன் என்று சொன்னீராமே.”

“பழக்கம், அம்மா. வாயில் தானாக வந்துவிடுகிறது.”

“போம்.”

மலைச்சரிவில் வெட்டிய திறந்த அரங்கம் அது. வட்டமான தரை. நடுவில் ஒரு கல் பலிபீடம். சுற்றிப் படிப்படியாக நானூறு பேர் உட்கார்ந்திருந்தார்கள். கையில் கூழாங்கற்கள். வெள்ளைக் கல் போட்டால் சம்மதம், கறுப்புக் கல் போட்டால் இல்லை. லிமேனாவில் எதையும் சீக்கிரம் முடிப்பார்கள். அதில் அவர்களுக்குப் பெருமை.

ஆர்க்கியாஸ் முதலில் பேசினான்.

“என் செக்கில் சுற்றுகிற கழுதை ஒன்று இருக்கிறது. அது என்னை எதிர்த்துப் பேசுவதில்லை. ஏனென்றால் அது அந்தக் கொட்டகைக்குப் போகவில்லை. என் அடிமை போகிறான். ஓடிப்போய் ஜாடியை எடுத்து வா என்றால், ‘ஐயா, இதன் மறுபக்கத்தை யோசித்தீர்களா?’ என்கிறான். ஜாடிக்கு என்னய்யா மறுபக்கம்?”

சபை சிரித்தது.

“அந்தப் பெண்பிள்ளை நம் ஊரில் யாருக்கும் எதுவும் நிச்சயமில்லாமல் செய்கிறாள். நான் முடித்துவிட்டேன். கல்லைப் போடுங்கள்.”

சபையின் எழுத்தர் எழுந்தார். “எதிர்த்துப் பேச ஆள் உண்டா?”

தோரியோன் இறங்கி வந்தான். பலிபீடத்தின் கிழக்கே நின்றான். வாய் திறந்தான்.

“வாங்க ஐயா வாங்க! இன்றைக்குப் பிடித்தது!”

அரங்கம் குலுங்கிச் சிரித்தது. “என்னடா, சபைக்கும் கூடை கொண்டுவந்தாயா?” என்று மேல்படியிலிருந்து ஒருவன் கத்தினான்.

தோரியோன் தலையைத் தொங்கப்போட்டான். பிறகு மெதுவாகப் பேசினான். அவன் மெதுவாகப் பேசி யாரும் கேட்டதில்லை. அதனால் எல்லோரும் கேட்டார்கள்.

“இரண்டு வருஷத்துக்கு முன்னால் கோதுமைக் கப்பல் ஒன்று வந்தது. அதன் தலைவன் பெயர் நிக்கோன். அவன் கோதுமையைத் தின்ற ஐந்து பேர் செத்தார்கள். விஷம் வைத்தான் என்று ஆர்க்கியாஸ் சொன்னான். இதே இடத்தில். நிக்கோனுக்காக ஒருவரும் பேசவில்லை. ஒரு சட்டி கஞ்சி கொதிக்கிற நேரம்கூட ஆகவில்லை. ‘தள்ளு’ என்று ஒரு குரல் கேட்டது. உங்கள் எல்லோருக்கும் ஞாபகம் இருக்கும். என் குரல் அது.”

தோரியோன் கடல் பக்கம் கையை நீட்டினான்.

“அவனைப் பாறை முனைக்குக் கொண்டுபோய்த் தள்ளினோம். எட்டாம் நாள் கோதுமையைத் தொடாத பத்துப் பேர் செத்தார்கள். அப்புறம்தான் ஊர்க் கிணற்றில் பிணமாய்க் கிடந்த நாயைப் பார்த்தோம். நான் அன்றே கொட்டகைக்குப் போனேன். அங்கே என்னை ஒரு பக்கம் பேசச் சொன்னார்கள். பிறகு சுற்றி வரச் சொன்னார்கள். அவ்வளவுதான் அந்தப் பள்ளி. பாய்மரத்தைச் சுற்றிப் பத்து அடி. அன்றைக்கு நாம் அந்தப் பத்து அடி நடந்திருந்தால் அவன் இன்று தன் ஊரில் பிள்ளைகளோடு இருப்பான்.”

கறுப்புக் கற்கள் கைகளில் உரசுகிற சத்தம் கேட்டது. ஆர்க்கியாஸ் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். தோரியோன் ஜெயித்துவிட்டான். படியேறிப் போய் உட்கார்ந்திருந்தால் போதும்.

உட்காரவில்லை. இரண்டு வருஷப் பழக்கம். கால்கள் தாமாக நடந்தன. பலிபீடத்தைச் சுற்றிப் போய் மேற்கே நின்றான். வாய் திறந்தது.

“ஆனால் ஊராரே, இந்தப் பள்ளியை மூடத்தான் வேண்டும்.”

நானூறு பேரும் நிமிர்ந்தார்கள்.

“கடற்கொள்ளைக்காரர்களின் பாய் தெரிகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். மதில் கதவைச் சாத்தலாமா என்று நாம் இரண்டு பக்கமும் பேசுவோம். முடிப்பதற்குள் அவர்கள் உள்ளே வந்து உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருப்பார்கள். என்னையே பாருங்கள். என் கூரை ஒழுகியது. ஓடு மாற்றுவதா வேண்டாமா என்று மூன்று நாள் யோசித்தேன். நாலாம் நாள் மழை என் கட்டிலில் முடிவு சொன்னது.”

சிரிப்பு எழுந்தது. அவன் குரலும் எழுந்தது.

“எதுவும் நிச்சயமில்லை என்கிறாள் அவள். அப்படியானால் நிக்கோன் குற்றமற்றவன் என்று மட்டும் எப்படி நிச்சயம்? நாய் செத்தது கிணற்றில். சரி. கோதுமையும் கெட்டிருக்கலாம். யார் கண்டது? இந்தப் பள்ளி எனக்குத் தூக்கத்தைத் திருப்பித் தரவில்லை. இருந்த தூக்கத்தையும் எடுத்துக்கொண்டது. ஒரு ஊர் இப்படி வாழ முடியாது.”

முடித்தான். அரங்கம் ஆரவாரித்தது. வெள்ளைக் கற்கள் குலுங்கின. “போடு! போடு!” என்று ஆர்க்கியாஸ் குதித்தான்.

அப்போதுதான் தோரியோனுக்குத் தான் எங்கே நிற்கிறோம் என்று தெரிந்தது. எதிரே இருந்தது பாய்மரம் அல்ல, பலிபீடம்.

“ஐயோ” என்றான். ஓடினான்.

மெலித்தா கொட்டகையின் வாசலில் மூட்டையோடு நின்றிருந்தாள். மற்ற மாணவர்களை வீட்டுக்கு அனுப்பிவிட்டாள். தோரியோன் வந்து மண்டியிட்டான். மூச்சு வாங்கியது.

“கெடுத்துவிட்டேன், அம்மா.”

“என்ன செய்தீர்?”

“சுற்றி வந்துவிட்டேன்.”

மெலித்தா அவனையே பார்த்தாள்.

“சபையிலா?”

“பலிபீடத்தை. ஜெயித்த பிறகு. எவனாவது செய்வானா? ஒரு முட்டாள் செய்வானா?”

“மறுபக்கத்தை எப்படிப் பேசினீர்?”

“நன்றாக.”

“முதல் பக்கத்தைவிடவா?”

அவன் அழுதான். “கொஞ்சம் அதிகமாகவே.”

“கொள்ளைக்காரர்களைச் சொன்னீரா?”

“சொன்னேன்.”

“எது நிச்சயம் என்ற கேள்வி?”

“அதையும்.”

“நல்லது. இவ்வளவு நாளும் அதை நீர் மறந்து மறந்து போவீர்.”

“அம்மா! உங்களைத் துரத்தப்போகிறார்கள்!”

“தெரிகிறது. மூட்டையின் அந்தக் காதைப் பிடியும்.”

கப்பல் அணையும் துறைமுகப் பாலத்துக்கு அரங்கத்தின் பின்மதிலை ஒட்டித்தான் வழி. இருவரும் மூட்டையைத் தூக்கிக்கொண்டு நடந்தார்கள். மதிலை நெருங்கும்போது உள்ளே பெரும் கூச்சல் கேட்டது.

“வாக்குப் போட்டு முடித்துவிட்டார்கள்” என்றான் தோரியோன்.

மெலித்தா நின்றாள். கூச்சலைக் கேட்டாள். ஒரே வார்த்தை. நானூறு தொண்டைகள்.

“சுற்றி வா! சுற்றி வா!”

தோரியோன் மூட்டையின் காதை விட்டுவிட்டான். அது அவன் காலில் விழுந்தது. அவனுக்குத் தெரியவில்லை.

வாயிலில் காவலன் நின்று உள்ளே எட்டிப்பார்த்துக்கொண்டிருந்தான். தோரியோன் அவன் தோளைப் பிடித்து உலுக்கினான்.

“என்ன நடக்கிறது?”

“நீயா? கொளுத்திப்போட்டுவிட்டு எங்கே ஓடினாய்? எல்லோரும் கல்லைப் போட எழுந்தார்கள். குயவன் ஒருவன் குறுக்கே வந்தான். ‘மீன்காரன் சுற்றி வந்தான். ஆர்க்கியாஸ், நீயும் சுற்றி வா’ என்றான். ‘நான் ஏன் வர வேண்டும்’ என்றான் ஆர்க்கியாஸ். குயவன் சொன்னான், ‘என் கடையில் ஒரு பானை வாங்கவே நாலு தரம் திருப்பிப் பார்ப்பாய். ஒரு மனுஷியை ஊரைவிட்டுத் துரத்த ஒரு பக்கம் போதுமா?’ அவ்வளவுதான். பிடித்துக்கொண்டார்கள்.”

“ஆர்க்கியாஸ்?”

“அதோ பார்.”

ஆர்க்கியாஸ் கிழக்கே நின்றிருந்தான். முகம் சிவந்திருந்தது. பயந்தவன் என்று யாராவது சொல்லிவிடுவார்களோ என்பதுதான் அவனுக்குப் பெரிய பயம். ஆகவே நடந்தான். பலிபீடத்தைச் சுற்றிப் பத்து அடி. மேற்கே வந்து நின்றான்.

கூட்டம் அடங்கியது. அவன் உதட்டைத் துடைத்துக்கொண்டான்.

“என்னத்தைச் சொல்வது” என்றான். “எனக்கு இந்தப் பக்கம் ஒன்றும் தெரியாது.”

“தெரிந்ததைச் சொல்லு” என்றான் குயவன்.

ஆர்க்கியாஸ் கையிலிருந்த வெள்ளைக் கல்லைப் பார்த்தான்.

“நிக்கோன் என்னைப் பார்த்தான். முனையில் நிற்கும்போது. ‘கிணற்றைப் பாருங்கள்’ என்று சொன்னான். இரண்டு தரம் சொன்னான். நான் பக்கத்தில் நின்றேன். எனக்குக் கேட்டது. யாருக்கும் நான் சொல்லவில்லை. தீர்மானம் முடிந்துவிட்டது, முடிந்ததை ஏன் கிளப்ப வேண்டும் என்று நினைத்தேன்.”

கல் கை நழுவித் தரையில் உருண்டது.

“அன்றே கிணற்றைப் பார்த்திருந்தால் மற்ற பத்துப் பேரும் செத்திருக்க மாட்டார்கள். அதில் ஒருத்தி என் தங்கை.”

தோரியோன் வாயில் தூணைப் பிடித்துக்கொண்டு நின்றான். அவன் அந்தப் பத்து அடியை எத்தனையோ தரம் நடந்திருக்கிறான். அது ஒரு ஆளை மாற்றியதைப் பார்த்தது இதுதான் முதல் தரம்.

பிறகு ஒருவன் எழுந்து, “ஆனால் கொள்ளைக்காரர்கள் வந்தால்?” என்றான். இன்னொருவன், “மதில் கதவைச் சாத்திவிட்டுப் பேசலாமே, அதற்கு என்ன கேடு?” என்றான். மூன்றாமவன் இரண்டு பேரையும் தள்ளிக்கொண்டு இறங்கி வந்து பலிபீடத்தின் கிழக்கே நின்றான். அவன் பின்னால் நாலு பேர். அவர்கள் பின்னால் வரிசை நீண்டது. எழுத்தர் கல் போடும் ஜாடியைக் கட்டிப்பிடித்துக்கொண்டு, “ஒவ்வொருவராக, ஒவ்வொருவராக” என்று கத்தினார். யாரும் கேட்கவில்லை.

துறைமுகத்தில் சங்கு ஊதினார்கள். மதியக் கப்பலின் முதல் சங்கு.

குயவன் திரும்பியபோது வாயிலில் மெலித்தாவைப் பார்த்துவிட்டான்.

“அதோ நிற்கிறாள்! ஊரே கிடந்து கத்துகிறது, தெரிந்தவள் வெளியே நிற்கிறாள். உள்ளே வந்து பேசச் சொல்லுங்கள்!”

எல்லோரும் திரும்பினார்கள்.

எழுத்தர் ஜாடியைக் கீழே வைத்தார். நெஞ்சை நிமிர்த்தினார். கடைசியாக அவருக்குத் தெரிந்த விஷயம் ஒன்று வந்திருந்தது.

“முடியாது. இந்த அரங்கத்தில் பெண் பேசக் கூடாது. சட்டம். கல்லில் வெட்டியிருக்கிறது. நம் தாத்தாக்களின் தாத்தாக்கள் வெட்டியது.”



மேல்படியிலிருந்து ஒரு குரல் கேட்டது. “எழுத்தரே.”

“என்ன?”

“சுற்றி வாரும்.”

அரங்கம் வெடித்தது. எழுத்தர் அப்படியும் இப்படியும் பார்த்தார். ஆர்க்கியாஸ்தான் போய் அவர் கையைப் பிடித்தான்.

“வாரும் ஐயா. பத்து அடிதான். நான் கூட வருகிறேன்.”

இருவரும் பலிபீடத்தைச் சுற்றி நடக்கத் தொடங்கினார்கள். ஒவ்வொரு அடிக்கும் நானூறு பேர் கை தட்டினார்கள்.

இரண்டாம் சங்கு ஊதியது. பாலத்திலிருந்து மாலுமி ஒருவன் கையை ஆட்டிக் கூப்பிட்டான்.

“அம்மா” என்றான் தோரியோன். “கப்பல்.”

மெலித்தா மூட்டையை வாயிலின் ஓரமாக இழுத்துப் போட்டாள். அதன்மேல் உட்கார்ந்தாள்.

மூன்றாம் சங்கு ஊதியது. கப்பல் கயிற்றை அவிழ்த்துக்கொண்டு போயிற்று. அவள் அந்தப் பக்கம் திரும்பவில்லை.

உள்ளே எழுத்தர் தொண்டையைச் செருமினார். “அதாவது... அந்தச் சட்டத்தை வெட்டியபோது பெண்களிடம் யாரும் கேட்டதாக ஏட்டில் இல்லை” என்று ஆரம்பித்தார். “சத்தமாக!” என்று கத்தினார்கள்.

தோரியோன் முகத்தைத் துடைத்துக்கொண்டு அவள் பக்கத்தில் வந்து குந்தினான். சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தன.

“அம்மா, காலையில் ஒன்று கேட்டேன். இது எத்தனை நாள் நிற்கும் என்று. நீங்கள் பதிலே சொல்லவில்லை.”

மெலித்தா அரங்கத்தின் பக்கம் காதைச் சாய்த்திருந்தாள். உதட்டில் விரலை வைத்தாள்.

“உஷ். பாடம் நடக்கிறது.”